செவ்வாயில் மங்கோலியம் பேசினால் அது என்ன ஆகும்?

கேள்வி இதுதான்: எதிர்காலத்தில் செவ்வாயில் ஒரு குடியிருப்பு அமைகிறது, அதில் சில ஆயிரம் மங்கோலியர்கள் போய்க் குடியேறுகிறார்கள், ஏழெட்டுத் தலைமுறை கழித்து அவர்கள் பேசும் மங்கோலியம் எப்படி இருக்கும்? கேட்டவர் பாதிப் பதிலையும் கையோடு கொண்டுவந்திருக்கிறார். அங்கே குதிரை கிடையாது, புல்வெளி கிடையாது, அதனால் மொழியில் பாதி செத்துவிடும், மிச்சம் ஆங்கிலத்தில் கரைந்துவிடும் என்கிறார்.

முதல் பாதி தப்பு என்று நினைக்கிறேன். இரண்டாவது பாதி நடக்கலாம், ஆனால் நடந்தால் பழி விண்வெளி மேல் இல்லை, பக்கத்து வீட்டுக்காரர் யார், பள்ளிக்கூடம் எந்த மொழியில் என்பதன் மேல்தான். கொஞ்சம் நீளமாகத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு சின்ன விஷயம், தமிழ் தெரிந்தவர்களுக்கு இது பிடிக்கும். செவ்வாய்க்கு மங்கோலியத்தில் பெயர் 'அங்கரக்'. ஆமாம், நம் நவக்கிரகச் சன்னதியில் நிற்கும் அங்காரகனேதான். புதன் 'புத்', வியாழன் 'பர்ஹஸ்பத்', சுக்கிரன் 'சுகர்', சனி 'சஞ்சிர்', அதாவது சனைச்சரன். கிரகம் என்ற பொதுச்சொல்லே 'கரிக்'. எல்லாம் பௌத்தத்தோடு மத்திய ஆசியா, திபெத்து என்று சுற்றிப் போய்ச் சேர்ந்த சமஸ்கிருதம். கிழமைப் பெயர்கள் மட்டும் திபெத்திலிருந்து வந்தவை. செவ்வாய்க்கிழமை 'மியாக்மர்', திபெத்திய மொழியில் சிவந்த கண் என்று பொருள், அந்தக் கோளின் பெயரும் அதுதான். அந்தக் கிழமையில் பிறந்த பிள்ளைக்கு மியாக்மர் என்றே பெயர் வைப்பது அங்கே சாதாரணம். ஆகச் செவ்வாய் என்று பெயர் வைத்துக்கொண்ட ஆட்கள் ஏற்கெனவே நிறையப் பேர் தலைநகர் உலான்பாத்தர் தெருக்களில் நடந்துகொண்டிருக்கிறார்கள்.

விண்வெளிக்கு என்ன சொல் தெரியுமா? 'சன்சர்'. சம்சாரம். பிறவிச் சுழற்சி என்று போன சொல் அங்கே அண்டவெளியாகிவிட்டது, இங்கே வீட்டுக்காரியாகிவிட்டது, யாருக்கு எது பெரிசோ. விண்கலத்துக்குச் 'சன்சரின் ஹொலொக்' என்பார்கள். ஹொலொக் என்றால் பழைய மொழியில் நல்ல சாதிக் குதிரை, ஏறிப்போகும் பரி. பிறகு கப்பலுக்கும் வந்தது, ராக்கெட் காலத்தில் விண்கலத்துக்கும் வந்தது. குதிரை போனால் சொல்லும் போகும் என்று நினைக்கிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். பொருள் போனாலும் சொல் வேறு வேலைக்குப் போகும். எள்ளின் நெய்தான் எண்ணெய், இன்றைக்குத் தேங்காய் எண்ணெய், மண்ணெண்ணெய் என்றெல்லாம் சொல்கிறோம், எள் எங்கே போயிற்று என்று யாரும் தேடுவதில்லை. அதே மாதிரி குதிரைப் பாலைப் புளிக்க வைத்த 'ஐரக்' என்ற பானத்தின் பெயர், செவ்வாயில் எதையாவது ஒரு தொட்டியில் புளிக்க வைத்து நுரை வந்தால் அதற்குப் போய் ஒட்டிக்கொள்ளும். பந்தயம் கட்டத் தயார்.

உண்மையில் சாகப் போவது வேறு வகைச் சொற்கள். குதிரையின் நிறத்துக்கு மட்டும் மங்கோலியத்தில் நூற்றுக்கணக்கான பெயர்கள் உண்டு. குட்டிக்கு ஒரு பெயர், அடுத்த வயதுக்கு ஒரு பெயர், அதற்கடுத்த வயதுக்கு இன்னொன்று. இதெல்லாம் தினமும் மந்தையைப் பார்த்து, 'அந்த இரண்டு வயசுச் செம்பழுப்பு எங்கே போச்சு' என்று கேட்கிறவர்களிடம் மட்டும்தான் வாழும். உலான்பாத்தர் அடுக்குமாடிப் பிள்ளைகளிடம் இப்போதே இது தேய்ந்துகொண்டிருக்கிறது, மங்கோலியாவின் மக்களில் ஏறக்குறைய பாதிப் பேர் அந்த ஒரு நகரத்தில் இருக்கிறார்கள். அதற்குச் செவ்வாய் வரை போக வேண்டியதே இல்லை.

சரி, இனி முக்கியமான விஷயம். தாய்நிலத்தை விட்டு வெகுதூரம் போய் உட்கார்ந்தால் மங்கோலியம் என்ன ஆகும் என்ற சோதனை ஏற்கெனவே நடந்து முடிந்திருக்கிறது, அதுவும் ஒன்றுக்கு மேற்பட்ட தடவை.

13ஆம் நூற்றாண்டுப் படையெடுப்புகளில் ஆப்கானிஸ்தான் பக்கம் தங்கிவிட்ட வீரர்களின் வழிவந்தவர்கள் ஹெராத் அருகே சில ஊர்களில் 'மொகோல்' என்ற மொழியைப் பேசினார்கள். சுற்றிலும் பாரசீகம். சொற்களில் பாரசீகம் கொட்டிக் கிடந்தது, ஒலியமைப்பே பாரசீகப் பக்கம் சாய்ந்துவிட்டது. 20ஆம் நூற்றாண்டில் ஆய்வாளர்கள் போய்க் கேட்டபோது அங்கொருவர் இங்கொருவர் என்று வயதானவர்கள்தான் மிச்சம். சீனாவின் கான்சு மாகாணத்தில் தொங்சியாங் மக்கள் பேசுவதும் மங்கோலியக் குடும்பத்து மொழிதான், ஆனால் சுற்றியிருந்த சீனம் பேசும் முஸ்லிம்களோடு கலந்து கலந்து, நம்மைப் போலவே வினைச்சொல்லைக் கடைசியில் போடும் அந்த மொழியில் வினையை நடுவில் போடும் வாக்கியங்களும் கேட்கத் தொடங்கிவிட்டன.

கல்மீக்கியர் கதைதான் இந்தக் கேள்விக்கு மிகப் பொருத்தம். 17ஆம் நூற்றாண்டில், ஏறத்தாழ 1630 வாக்கில், மேற்கு மங்கோலியரான ஒயிரத் மக்கள் கூட்டம் கூட்டமாக மேற்கே நகர்ந்து காஸ்பியன் கடலுக்கு மேலே வோல்கா நதிக்கரையில் போய் உட்கார்ந்தார்கள், அவர்கள்தான் கல்மீக்கியர். தாய்நிலத்திலிருந்து ஆயிரக்கணக்கான கிலோமீட்டர். அந்தக் காலத்துக்கு அது செவ்வாய்தான். 1771இல் பெரும்பகுதி மக்கள் திரும்பக் கிழக்கே கிளம்பிவிட்டார்கள், வழியில் ஏகப்பட்ட பேர் செத்தார்கள். ஆற்றின் மேற்குக் கரையில் இருந்தவர்கள் அந்த வருஷம் பனி சரியாக உறையாததால் கடக்க முடியாமல் தங்கிவிட்டார்கள் என்று சொல்வார்கள். தங்கியவர்கள் சின்னக் கூட்டம், சுற்றிலும் ரஷ்யர்கள். அப்படியும் மொழி போகவில்லை. கிளம்பி வந்து முந்நூறு வருஷம் ஆன பிறகும் பிள்ளைகள் கல்மீக்கில்தான் பேசிக்கொண்டிருந்தார்கள்.

1943 டிசம்பரில் ஸ்டாலின் அரசு அந்த இனம் முழுவதையும் ரயில் பெட்டிகளில் ஏற்றிச் சைபீரியாவுக்கு அனுப்பியது. ஓரிடத்தில் குவியாமல் குடும்பம் குடும்பமாகப் பரவலாகச் சிதறடித்தார்கள். பிள்ளைகளுக்கு ரஷ்யப் பள்ளி. 1957இல் திரும்பி வர அனுமதி கிடைத்தபோது அந்தப் பதின்மூன்று வருஷத்தில் வளர்ந்த தலைமுறை ரஷ்யத்தில் யோசித்துக்கொண்டிருந்தது. இன்றைக்குக் கல்மீக்கு அழியும் நிலையில் உள்ள மொழிகளின் பட்டியலில் இருக்கிறது. முந்நூறு வருஷத் தூரத்தால் முடியாததைப் பதின்மூன்று வருஷச் சிதறல் செய்துவிட்டது. என் பதிலில் நீங்கள் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வதாக இருந்தால் இதை எடுத்துக்கொள்ளுங்கள்.

ஆகச் செவ்வாய்க் குடியிருப்பில் அறை ஒதுக்கும் அதிகாரிதான் மொழியின் எதிர்காலத்தைத் தீர்மானிக்கப் போகிறார், அவருக்கே அது தெரியாது. ஐந்தாயிரம் மங்கோலியரை ஒரு பகுதியில் சேர்த்து வைத்து, அவர்களுக்கென்று ஒரு தொடக்கப் பள்ளியும் விட்டால் மொழி நிற்கும், மாறும், தனக்கென்று ஒரு வட்டார வழக்கையும் உண்டாக்கிக்கொள்ளும். வரிசை எண்படி அறை கொடுத்து எல்லோரையும் கலந்துவிட்டால் இரண்டே தலைமுறை. தாத்தாவிடம் மட்டும் பேசும் மொழியாகி, அப்புறம் தாத்தாவும் போய்விடுவார்.

நிற்கிறது என்றே வைத்துக்கொள்வோம். எப்படி மாறும்?

முதல் கப்பலில் யார் யார் போகிறார்கள் என்பது பெரிய விஷயம். எல்லோரும் மங்கோலியாவின் பெரும்பான்மை வழக்கான ஹல்ஹா பேசுகிறவர்கள் என்றால் ஹல்ஹா. சைபீரியாவின் புரியாத்துகள், சீனாவின் உள் மங்கோலியர்கள், கல்மீக்கியர்கள் எல்லாம் கலந்து போனால் முதல் பத்து வருஷம் வேடிக்கையாக இருக்கும். ஹல்ஹாக்காரர் நலமா என்று கேட்க 'சய்ன்' என்பார், புரியாத்துக்காரருக்கு அது 'ஹய்ன்', அவர்களிடம் சொல்லின் தொடக்கத்தில் வரும் பழைய ச பெரும்பாலும் ஹ ஆகிவிட்டது. பெரியவர்கள் கடைசிவரை தங்கள் வழக்கை விடமாட்டார்கள். அங்கே பிறக்கிற பிள்ளைகள்தான் பெரும்பான்மை எதுவோ அதைப் பிடித்துக்கொண்டு, வீட்டில் கேட்டதிலும் கொஞ்சம் வைத்துக்கொண்டு, புதிதாக ஒரு கலவையைப் பேசுவார்கள். இதெல்லாம் எவ்வளவு சீக்கிரம் தொடங்கும் என்றால், அண்டார்க்டிகாவில் ஒரு குளிர்காலம் முழுக்க அடைந்து கிடந்த பதினொரு பேரின் உச்சரிப்பை அளந்து பார்த்து 2019இல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள், சில மாதங்களிலேயே அவர்கள் உயிரொலிகள் லேசாக ஒன்றையொன்று நோக்கி நகர்ந்திருந்தன. காதுக்குத் தெரியாத அளவு, கருவிக்குத் தெரிந்த அளவு.

ஒலியில் மங்கோலியம் போகிற திசை எட்டு நூற்றாண்டாக ஒன்றுதான்: விழுங்குவது. 'பகத்தூர்' என்று இருந்தது நடுவில் க-வை விழுங்கி 'பாத்தர்' ஆயிற்று, உலான்பாத்தரில் இருப்பது அதுதான், 'சிவப்பு வீரன்'. விழுங்காத பழைய வடிவம் பாரசீகம் வழியாக நம்மிடம் வந்து திவான் பகதூர், ராவ் பகதூர் என்று பட்டமாக நின்றுவிட்டது. பேரரசன் என்ற பொருளுள்ள 'ககான்' அதே மாதிரி 'ஹான்' ஆயிற்று. இரண்டாவது அசையிலிருந்து குறில்கள் எல்லாம் தேய்ந்துகொண்டே வருகின்றன. கல்மீக்கியர்கள் அதை எழுத்திலேயே ஒப்புக்கொண்டுவிட்டார்கள், தங்கள் இனத்தின் பெயரை, ஹல்ஹாவில் 'ஹலிமக்' என்று எழுதுவதை, அவர்கள் 'ஹல்ய்ம்க்' என்று முதல் அசைக்குப் பிறகு உயிரே இல்லாமல் எழுதுகிறார்கள். உலான்பாத்தர் பிள்ளைகள் கைபேசியில் இருக்கிறது என்று பொருள்படும் 'பய்ன' என்ற சொல்லுக்குப் ப், ன் என்று இரண்டே லத்தீன் எழுத்து தட்டுகிறார்கள். நாம் 'வந்துகொண்டிருக்கிறேன்' என்பதை 'வந்துட்ருக்கேன்' ஆக்கியதுபோலத்தான். செவ்வாயில் இது இன்னும் ஓடும், பூமியிலிருந்து போகிற பாட்டிக்குப் பேத்தி பேசுவது மெய்யெழுத்துக் குவியலாகக் கேட்கும்.

உயிரிசைவு என்று ஒன்று இருக்கிறது, அதற்குத்தான் ஆபத்து. சொல்லில் எந்த வகை உயிர் இருக்கிறதோ அதற்கேற்ப விகுதியும் நிறம் மாற வேண்டும். 'கெர்' என்றால் வீடு, வீட்டிலிருந்து என்பதற்குக் 'கெரேஸ்'. 'கர்' என்றால் கை, கையிலிருந்து 'கராஸ்'. 'ஹொத்' நகரம், 'ஹொதோஸ்'. இப்படி ஒரே வேற்றுமைக்கு நாலு வடிவம். பிறந்ததிலிருந்து கேட்கும் பிள்ளைக்கு இது மூச்சு விடுவது மாதிரி, திருமணம் செய்துகொண்டு வந்து முப்பது வயதில் கற்றுக்கொள்ளும் மருமகளுக்கோ மருமகனுக்கோ இது தலைவலி. கலப்பு மணங்கள் அதிகமாகி, தாய்மொழியாகப் பேசாதவர்கள் பாதிப் பேர் என்று ஆனால், நாலில் ஒன்றைப் பிடித்துக்கொண்டு மற்றதை விட்டுவிடுவார்கள். மொகோலிலும் தொங்சியாங்கிலும் உயிரிசைவு சிதைந்தது இப்படிப்பட்ட கலப்பில்தான்.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இறந்தகாலம். மங்கோலியத்தில் நடந்ததைச் சொல்ல ஒன்றுக்கு மேற்பட்ட விகுதிகள். 'இர்லே' என்றால் வந்தாச்சு, கண்ணெதிரே. 'இர்ஜே' என்றால் வந்திருக்கிறான் போல, நான் பார்க்கவில்லை, பிறகுதான் தெரியவந்தது. நம் 'வந்தானாம்' கிட்டத்தட்ட அந்த வேலையைச் செய்கிறது. அன்றாடப் பேச்சில் இந்த வித்தியாசத்தை எல்லா நேரமும் கறாராகப் பார்ப்பதில்லை. ஆனால் செவ்வாயில் உட்கார்ந்து யோசித்துப் பாருங்கள். பூமியிலிருந்து வரும் எந்தச் சேதியும் குறைந்தது மூன்று நிமிடம், கோள்கள் விலகியிருக்கும் காலத்தில் இருபது நிமிடத்துக்கு மேல் பழசு. அங்கே நடப்பது எதையும் 'இப்போது பார்க்கிறேன்' என்று யாராலும் சொல்ல முடியாது. பூமியைப் பற்றிய பேச்சு எல்லாம் 'ஜே' விகுதியிலும், குடியிருப்பைப் பற்றிய பேச்சு 'லே' விகுதியிலும் என்று ஒரு வழக்கம் படிந்து, நாலாவது தலைமுறையில் அது இலக்கண விதியாகவே ஆகிவிடலாம். அப்போது 'இங்கே' 'அங்கே' என்று சொல்லவே வேண்டாம், விகுதியே கிரகத்தைச் சொல்லிவிடும். இது என் ஊகம்தான், ஆனால் காற்றில் கட்டியது இல்லை, மொழிகள் விதியை உண்டாக்குவது இப்படிப்பட்ட பழக்கங்களிலிருந்துதான்.

திசைச் சொற்களும் சுவாரசியம். மங்கோலியர் கூடாரமான கெரின் கதவு தெற்கு பார்த்து இருக்கும். அதனால் 'முன்' என்ற சொல்லே தெற்கு, 'பின்' வடக்கு, 'வலது' மேற்கு, 'இடது' கிழக்கு. கதவுக்கு நேர் எதிரே உள்புறம் 'ஹொய்மர்', அது மரியாதைக்குரிய இடம், பெரியவர்களும் விருந்தினரும் உட்காருவது. செவ்வாயில் சூரியன் உண்டு, தெற்கும் உண்டு, ஆனால் கதிர்வீச்சுக்குப் பயந்து மண்ணுக்கடியில் வாழ்கிறவனுக்கு இரண்டும் தெரியாது. கதவு மட்டும் தெரியும். காற்றழுத்தக் கதவு எந்தப் பக்கமோ அதுவே தெற்கு என்று ஆகிவிடும், இரண்டு அறைகள் எதிரெதிரே இருந்தால் இரண்டு தெற்கு. சிரிக்காதீர்கள், நமக்குக் கீழ்ப்பக்கம் கிழக்கு, மேல்பக்கம் மேற்கு, தரை கடலை நோக்கிச் சரிகிற தமிழ்நாட்டுக்குப் பொருந்துகிறது. மலையைத் தாண்டினால் கேரளத்தில் சரிவு தலைகீழ். மலையாளிகள் மேற்கை விட்டுவிட்டுப் பொழுது படிகிற இடம் என்று 'படிஞ்ஞாறு' ஆக்கிக்கொண்டார்கள், கிழக்கை மட்டும் மலை இருக்கும் பக்கத்துக்கே வைத்துக்கொண்டார்கள். நிலம் மாறினால் பாதிச் சொல் மாறும், பாதி அப்படியே நிற்கும்.

காலக்கணக்கில் மங்கோலியத்துக்குச் சிரமமே இல்லை. ஒரு நாள் என்பதற்கு 'ஹொனொக்', இரவு தங்குதல் என்ற வினையிலிருந்து வந்தது. செவ்வாயின் நாள் நம் நாளைவிட நாற்பது நிமிடம் போல நீளம், அதனால் என்ன, ஓர் இரவு தங்கினால் ஒரு ஹொனொக். 'சர்' என்றால் நிலாவும் மாதமும், நம் திங்கள் மாதிரி. அங்கே நிலா இரண்டு, இரண்டும் உருளைக்கிழங்கு மாதிரி, எதுவும் மாதம் காட்டாது. மாதம் என்ற பொருள் மட்டும் நிற்கும். 'வெள்ளை மாதம்' என்ற புத்தாண்டை உலான்பாத்தரில் அறிவிக்கிற தேதியில் கொண்டாடுவார்கள், வேறு வழியில்லை.

எழுத்து பற்றிக் கேட்காவிட்டாலும் சொல்லிவிடுகிறேன். மங்கோலியாவில் 1940களில் ரஷ்யர்கள் எழுதும் சிரிலிக் எழுத்து வந்தது. மேலிருந்து கீழே ஓடும் பழைய எழுத்து சீனாவின் உள் மங்கோலியாவில்தான் தொடர்ந்து புழங்கியது, அங்கேயும் 2020இல் சில பள்ளிப் பாடங்களை மங்கோலியத்திலிருந்து சீனத்துக்கு மாற்றியபோது பெரிய எதிர்ப்பு எழுந்தது. மங்கோலியா தன் பங்குக்கு 2025 ஜனவரி முதல் அரசு ஆவணங்களில் இரண்டு எழுத்தையும் பயன்படுத்த வேண்டும் என்று சட்டம் வைத்திருக்கிறது. பழைய எழுத்தில் ஒரு வசதி, அதில் இன்னமும் 'பகத்தூர்' என்றுதான் எழுதுகிறார்கள், 'பாத்தர்' என்று வாசிக்கிறார்கள். பேச்சு எப்படி ஓடினாலும் எழுத்து அசையாது, யார் எந்த வழக்கில் வேண்டுமானாலும் வாசித்துக்கொள்ளலாம். செவ்வாயும் பூமியும் ஒருவரையொருவர் வாசிக்க வேண்டும் என்றால் இதுதான் நல்லது. நடக்கப் போவது என்னவோ, வாசல் பலகை செங்குத்தாக அழகாக இருக்கும், பிள்ளைகள் லத்தீனில் தட்டிக்கொண்டிருப்பார்கள்.

ஆங்கிலம் வராதா? வரும், ரஷ்யமும் வரும். முதல் மங்கோலிய விண்வெளி வீரர் குர்ரக்சா 1981 மார்ச் 22இல் சோயுஸ் 39இல் ஏறிச் சல்யூத் 6 நிலையத்துக்குப் போனார், கூடப் போனவர் சோவியத் வீரர் ஜானிபெகோவ், வேலை மொழி ரஷ்யம். கருவி, குழாய், வால்வு எல்லாவற்றுக்கும் அயல்சொல்தான் இருக்கும். அதில் ஒன்றும் மோசமில்லை. ரகரத்தில் சொல் தொடங்குவது அந்த மொழிக்கும் ஆகாது, ரூஸ் அங்கே 'ஒரஸ்', ரத்னம் 'எர்தென்'. நாமும் உருசியா, இரத்தினம் என்று எழுதியவர்கள்தானே. வருகிற சொல்லுக்குத் தன் சட்டையை மாட்டிவிடும் வரை மொழி நன்றாக இருக்கிறது என்று பொருள். சட்டையே மாட்டாமல் அப்படியே உள்ளே விடத் தொடங்கும்போது கவலைப்படலாம்.

கடைசியாகக் குதிரைக்கே வருகிறேன், கேட்டவர் அதிலிருந்துதானே தொடங்கினார். மங்கோலியத்தில் நல்வரவு என்பதற்குத் 'தாவ்தை மொரில்னோ' என்பார்கள், அந்த 'மொரில்' குதிரையைக் குறிக்கும் 'மொர்' என்ற சொல்லிலிருந்து வந்த மரியாதை வினை. செவ்வாயின் காற்றழுத்தக் கதவுக்கு மேலேயும் அதுதான் எழுதியிருக்கும். புல்வெளியில் ஒரு கெருக்கு வருகிறவர் தூரத்திலேயே 'நொஹொய் ஹொர்' என்று குரல் கொடுப்பார், நாயைப் பிடி என்று பொருள், வீட்டில் நாய் இருக்கிறதோ இல்லையோ, யாராவது இருக்கிறீர்களா என்று கேட்பது அப்படித்தான். கதவைத் தட்டினாலும் கேட்காத தடித்த எஃகுக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு பேசும் கருவியில் ஒருவன் இதைச் சொல்வதை என்னால் நன்றாகக் கற்பனை செய்ய முடிகிறது. அப்புறம், கழிப்பறைக்குப் போகிறேன் என்று நேராகச் சொல்லாமல் 'குதிரையைப் பார்த்துவிட்டு வருகிறேன்' என்பது அவர்கள் நாகரிகம். எட்டாவது மாடி ஃப்ளாட்டில் இருந்துகொண்டு கொல்லைக்குப் போய்விட்டு வருகிறேன் என்று சொல்லும் பெரியவர்கள் நம்மிடம் இன்னும் இருக்கிறார்கள், ஆகவே இது போகாது. குதிரையைப் படத்தில் மட்டும் பார்த்த ஒரு பத்து வயசுப் பெண், வகுப்பில் கையைத் தூக்கி, டீச்சர், குதிரையைப் பார்த்துட்டு வரட்டுமா என்பாள், டீச்சர் சீக்கிரம் போய்ட்டு வா என்பார்.